இரண்டாம் பாகத்துப் பேய்

அந்தத் தெருவில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள், பேயக்காவைப் போல ஒரு பயந்தாங்கொள்ளி இந்த வட்டாரத்திலேயே கிடையாது என்று. சுவரில் பல்லி அசைந்தால் தையல் மிஷினை அப்படியே விட்டுவிட்டு வாசலுக்கு ஓடிவிடுவாள். பக்கத்துக் கடைக்காரர் ஷட்டரைச் சத்தமாக இழுத்தால் அவள் கையிலிருக்கும் கத்தரிக்கோல் தானாகக் கீழே விழும். தெரியாத எண்ணிலிருந்து போன் வந்தால் மகளிடம் நீட்டிவிடுவாள். "நீயே பேசு. கெட்ட செய்தின்னா மூஞ்சியில காட்டாதே, என்னை உக்கார வெச்சுட்டுச் சொல்லு."

இதையெல்லாம் வைத்து வீட்டில் கேலி செய்வார்கள். அவளும் சேர்ந்து சிரிப்பாள். ஆனால் ஒரு பயத்தை மட்டும் யாரும் கேலி செய்வதில்லை. பத்தொன்பது வயதில் அவள் ஒரு துணிக் கம்பெனியில் வேலை பார்த்தபோது, சரக்கு ஏற்றும் லிப்டில் துணி மூட்டைகளோடு தனியாக மேலே போனாள். நடுவில் மின்சாரம் நின்றது. எல்லோரும் சாப்பிடப் போயிருந்தார்கள். அவள் உள்ளே இருப்பது யாருக்கும் தெரியாது. இரண்டரை மணி நேரம் கழித்துக் கதவைத் திறந்தபோது அவள் மூட்டைகளுக்கு இடையில் சுருண்டு கிடந்தாள், குரல் சுத்தமாகப் போயிருந்தது. அதற்குப் பிறகு எந்தக் கதவையும் அவள் உள்ளிருந்து தாழிட்டதில்லை. குளிக்கும்போதுகூட. அவள் குளிக்கப் போனால் பஸ் ஓட்டுநரான அவள் கணவர் குளியலறைக்கு வெளியே நாற்காலி போட்டுச் செய்தித்தாளோடு உட்கார்ந்துவிடுவார்.

"இருக்கீங்களா?"

"இருக்கேன், இருக்கேன். விளையாட்டுப் பக்கம் வந்துட்டேன். சீக்கிரம் வா."

இப்படிப்பட்டவள் எப்படிப் பேயானாள் என்றால், ஒரு கவுனால்.

ஐந்தாறு பேர் சேர்ந்து, இரவல் வேனும் இரவல் காமிராவுமாக ஒரு பேய்ப்படம் எடுத்தார்கள். பேய்க்கு வெள்ளைக் கவுன் தைக்க அவள் கடைக்குத்தான் வந்தார்கள். நடிக்க வேண்டிய பெண்ணின் அளவு கையில் இல்லை. டைரக்டர் அவளை ஏற இறங்கப் பார்த்து, "உங்க உயரந்தான்க்கா, உங்க அளவுக்கே தைச்சிடுங்க" என்றான். தைத்துக் கொடுத்தாள். படப்பிடிப்பு அன்று அந்த நடிகை வரவில்லை, வேறு ஏதோ பெரிய படத்தில் தோழி வேடம் கிடைத்துவிட்டதாம். காலை பத்து மணிக்கு டைரக்டர் மூச்சு வாங்க ஓடிவந்து நின்றான்.

"அக்கா, அந்தக் கவுன் உங்களுக்குச் சரியா இருக்கும்ல?"

கவுனின் இடுப்பைப் பிடித்துத் தைக்கச் சொல்கிறான் போலிருக்கிறது என்று நினைத்து அவள் ஊசியைத் தேடினாள்.

படத்தில் அவளுக்குப் பெரிய வேலை இல்லை. முகத்தை மறைத்து முடியைத் தொங்கவிட்டுக்கொண்டு, நீளமான நடைவழியில் மெதுவாக வர வேண்டும். மாடிப்படியின் கடைசியில் அசையாமல் நிற்க வேண்டும். நாலு இடத்தில் அலற வேண்டும். அவ்வளவுதான். ஆனால் படம் வெளிவந்து, பின்வரிசையில் உட்கார்ந்து அவள் பார்த்தபோது ஒன்று நடந்தது. திரையில் அவள் மாடிப்படியில் நின்றாள், கொட்டகையே வீறிட்டது. தடியான ஆண்பிள்ளைகள்கூடக் காலைத் தூக்கி நாற்காலியில் வைத்துக்கொண்டார்கள். வாழ்நாள் முழுக்க மற்றதைப் பார்த்துப் பயந்தவளை, இப்போது ஒரு கூட்டமே பார்த்துப் பயந்தது. வீடு திரும்பும் வழியெல்லாம் அவள் கன்னம் சூடாக இருந்தது. மறுநாளிலிருந்து தெருப்பிள்ளைகள் அவளைப் பேயக்கா என்று கூப்பிட ஆரம்பித்தார்கள், அந்தப் பெயரே நிலைத்துவிட்டது.

யாரும் எதிர்பாராத அளவுக்குப் படம் ஓடியது. இரண்டாம் பாகம் எடுப்பதென்று முடிவானது.

அந்தக் கதை டைரக்டர் சொந்தமாக யோசித்ததல்ல. மின்வாரிய அலுவலகத்தில் எழுத்தராக இருந்த ஒருவர் முப்பது வருடங்களுக்கு முன்னால் எழுதிய மாத நாவல் அது, இரண்டு புத்தகங்களாக வந்தது. டைரக்டர் அதைப் பழைய பேப்பர் கடையில் எடுத்து, எழுதியவரைத் தேடிப் பிடித்து அனுமதி வாங்கியிருந்தான். முதல் புத்தகத்தில் பேய் வெறும் பேய். இரண்டாவதில்தான் அவள் உயிரோடு இருந்த கதை வருகிறது. சொத்துக்காகக் கொழுந்தன்மார் அவளை வீட்டுக்கு அடியிலிருக்கும் காலித் தண்ணீர்த் தொட்டிக்குள் இறக்கி மூடிவிடுகிறார்கள். இரண்டு நாள் உள்ளேயே கிடந்து சாகிறாள்.

டைரக்டர் அந்தப் புத்தகத்தை, சில பக்கங்களின் ஓரத்தை மடித்து, அவளிடம் கொடுத்தான். "இந்தத் தடவை முடியெல்லாம் கிடையாதுக்கா. முகம் காட்டுறோம். வசனம் இருக்கு. படமே உங்க தலையிலதான்."

மதியம் கடையில் கூட்டமில்லாத நேரத்தில் அவள் ஒன்பதாம் அத்தியாயத்தைப் படித்தாள். பாதிக்கு மேல் முடியவில்லை. மூடி விழுகிற சத்தம், இருட்டு, தட்டுகிற கை. புத்தகத்தை மூடி, பள்ளிச் சீருடைத் துணிக்கட்டுக்கு அடியில் செருகினாள். அங்கே இருப்பதும் தாங்காமல் எடுத்து வெளியே படிக்கட்டில் வைத்துவிட்டு வந்து உட்கார்ந்தாள். மிஷினை மிதித்தபோது ஒரு சட்டைக் கைமடிப்பு முழுக்கக் கோணலாக ஓடியது.

அவள் அன்றே போய் டைரக்டரிடம் லிப்ட் கதையைச் சொல்லியிருக்கலாம். சொன்னால் அவன் வேறு ஆளைப் போடுவான். முகம் வேறு ஒருத்திக்குப் போய்விடும். கணவர் சாப்பிடும்போது கேட்டார்.

"உனக்கு அடைச்ச இடம் ஆகாதுன்னு அந்தத் தம்பிகிட்ட சொல்லிட்டியா?"

"சொல்லிட்டேன். மூடி திறந்தே இருக்குமாம்."

அவரிடம் அவள் சொன்ன முதல் பெரிய பொய் அதுவாகத்தான் இருக்கும். சாதத்தைப் பிசைந்துகொண்டே இருந்தாள்.

படப்பிடிப்பு ஒரு மூடிப்போன பிஸ்கட் தொழிற்சாலையில் நடந்தது. செட் போட வழியில்லாததால் இருக்கிற இடத்துக்கு ஏற்பக் கதையை வளைத்தார்கள். இரவுக் காட்சிகளைப் பகலிலேயே, ஜன்னல்களில் கறுப்புத் துணி கட்டி எடுத்தார்கள், ராத்திரிக்கு விளக்கு வாடகை அதிகமாம். தொழிற்சாலைக் கூடத்தின் பின்பக்கம் தரைக்கு அடியில் ஒரு காலித் தண்ணீர்த் தொட்டி இருந்தது. ஒன்றரை ஆள் ஆழம், கட்டில் அகலம். ஒத்திகையின்போது ஏணி உள்ளேயே இருந்தது, மேலே லேசான பலகை மூடி. அவள் இறங்கினாள், வசனத்தை ஒருமுறை சொன்னாள், விறுவிறுவென்று ஏறி வந்துவிட்டாள். வியர்வையில் கவுன் முதுகோடு ஒட்டியிருந்தது. யாரும் கவனிக்கவில்லை, சவுண்டுக்காரரைத் தவிர.

சவுண்டுக்காரர் நரைத்த மனிதர், கழுத்தில் எப்போதும் ஹெட்போன் தொங்கும். முதல் படத்தில் அவள் அலறல்களையெல்லாம் பதிவு செய்தவர் அவர்தான். "என்னம்மா, கை இப்படிச் சில்லுன்னு இருக்கு?" என்று கேட்டபடி அவள் காலருக்குள் சின்ன மைக்கைப் பொருத்தினார்.

"ஒண்ணுமில்லைண்ணே. இங்க ஈரமா இருக்குல்ல."

டைரக்டர் காமிராவில் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினான். பலகை மூடி பொம்மை மூடி மாதிரி தெரிகிறதாம். தொட்டிக்கு உரிய பழைய இரும்பு மூடி மூலையில் சாய்ந்திருந்தது. அதையே போடலாம் என்றான். "ரெண்டே நிமிஷம்க்கா. நீங்க 'மூடியைத் திறங்க, திறங்க'ன்னு கத்துறது வசனத்துலயே இருக்கு, அதனால நிஜமா வெளிய வரணும்னா வேற ஒரு வார்த்தை சொல்லுங்க. 'ஊசி'ன்னு சொல்லுங்க. அடுத்த செகண்டு திறந்திடறோம்."

அவள் தலையாட்டினாள். வேண்டாம் என்று சொல்ல வாய் எடுத்தாள், அத்தனை பேரும் தயாராக நின்றார்கள். இறங்கினாள். ஏணியை மேலே இழுத்துக்கொண்டார்கள். ஒரு மூலையில் கம்பி போட்டு ஒரு சின்ன விளக்கு தொங்கியது, எதிர் மூலையில் கடைகளில் காவலுக்கு வைக்கிற மாதிரி இருட்டிலும் படம் பிடிக்கும் ஒரு குட்டிக் காமிரா. அதன் வயரும் மைக் வயரும் சுவரிலிருந்த ஒரு பழைய குழாய் ஓட்டை வழியாக வெளியே போயின.

இரண்டு பேர் மூடியைத் தள்ளினார்கள். வெளிச்சம் பிறைபோல ஆகி, கோடாகி, மறைந்தது. கடைசியில் ஒரு 'டங்'. மண்டைக்குள் அடித்தது போலிருந்தது. மேலேயிருந்து துரு பொலபொலவென்று தலையில் கொட்டியது. அந்த மூடி விழுந்ததில் விளக்கின் வயர் நசுங்கியதோ என்னவோ, விளக்கு ஒருமுறை கண் சிமிட்டிவிட்டு அணைந்துபோனது.

வெளியே ஒரு சின்னத் திரையில் டைரக்டர் பார்த்துக்கொண்டிருந்தான். விளக்கு அணைந்ததும் படம் பச்சையும் சாம்பலுமாக மாறியது. அவள் முகம் அதில் பயங்கரமாகத் தெரிந்தது. அவனுக்கு மயிர்க்கூச்செறிந்தது. "ஓடட்டும், ஓடட்டும்," என்று கிசுகிசுத்தான்.

உள்ளே அவளுக்குத் தன் கை தெரியவில்லை. கண்ணைத் திறந்தாலும் மூடினாலும் ஒரே இருட்டு. 'மூடியைத் திறங்க' என்று ஆரம்பித்தாள், முதல் எழுத்தோடு தொண்டை அடைத்துக்கொண்டது. அந்த வார்த்தையைச் சொல்லிவிடலாம் என்று நினைத்தாள். வார்த்தை நினைவுக்கு வரவில்லை. தையல் சாமான் ஏதோ ஒன்று என்பது மட்டும் தெரிந்தது. நூல்? கத்தரி? பொத்தான்? கொக்கி? நாடா? முப்பது வருடம் கையில் பிடித்த சாமான்கள் ஒவ்வொன்றாக வந்து நின்றன, அது மட்டும் வரவில்லை. வந்திருந்தாலும் சொல்லியிருக்க முடியாது, வாய் மீன் மாதிரி திறந்து திறந்து மூடியது, சத்தம் எழவில்லை. பற்கள் மட்டும் ஒன்றோடொன்று மோதிக்கொண்டிருந்தன. காற்று தீர்ந்துவிட்டது என்று தோன்றியது. நெஞ்சின்மேல் துணி மூட்டை ஒன்று ஏறி உட்கார்ந்தது, அதன் மேல் இன்னொன்று.

சவுண்டுக்காரர் ஹெட்போனை அழுத்திப் பிடித்தார். அவளுடைய நடிப்பு அவருக்கு அத்துப்படி. அலறுவதற்கு முன்னால் அவள் எப்போதும் மூக்கால் ஒரு மூச்சை நீளமாக இழுப்பாள். இப்போது அந்த மூச்சு இல்லை. 'டிக், டிக், டிக்' என்று ஒரு சின்னச் சத்தம். அது பல் என்று அவருக்குப் புரிய நாலு நொடி ஆனது.

"தம்பி, நிறுத்து. மூடியத் தூக்கச் சொல்லு. இது நடிப்பு இல்ல."

டைரக்டர் திரையிலிருந்து கண்ணை எடுக்காமல், பொறுங்கள் என்று கையைக் காட்டினான். சவுண்டுக்காரர் அந்தக் கையைத் தட்டிவிட்டார். "டேய், அந்தப் பொண்ணு செத்துடுவாடா!" என்று அவர் போட்ட சத்தத்தில் எல்லோரும் ஓடிவந்தார்கள். மூடியின் கைப்பிடியைப் பிடித்து ஒருவன் பலமாக இழுத்தான். துருவேறிய கைப்பிடி கையோடு வந்துவிட்டது. மூடி அதன் பள்ளத்தில் கச்சிதமாக உட்கார்ந்திருந்தது. விரல் நுழைய இடமில்லை. கடப்பாரை எங்கே என்று ஆளுக்கொரு பக்கம் ஓடினார்கள்.

அந்த நேரத்தில் அவள் ஒன்று செய்தாள். ஏன் செய்தாள் என்று அவளுக்கே தெரியாது. கையை நீட்டிச் சுவரைத் தொட்டு, சாண் போட்டு அளக்க ஆரம்பித்தாள். ஒன்று, இரண்டு, மூன்று. மூலை வந்தது. மறுபடி ஒன்று, இரண்டு. எட்டாவது சாணில் சொரசொரப்பு உள்ளங்கையைக் கிழித்தது. நிறுத்தவில்லை. நிறுத்தினால் கத்த வேண்டியிருக்கும், கத்தக் குரல் இல்லை. ஐந்தாவது தடவை சுற்றிவந்தபோது சுவர் பேசியது.

"தங்கச்சி! நான்தான், சவுண்டு. குழாய் வழியாப் பேசுறேன். மூடி மாட்டிக்கிச்சு. எடுத்துக்கிட்டு இருக்காங்க."

அவள் சத்தம் வந்த திசையில் விழுந்து, அந்த ஓட்டையில் முகத்தை வைத்துக்கொண்டாள். பதில் வரவில்லை. சவுண்டுக்காரர் தரையில் குப்புறப் படுத்திருந்தார். ஹெட்போனில் பல்லின் சத்தம் இன்னும் வேகமாகியிருந்தது. என்ன பேசுவதென்று அவருக்கும் தெரியவில்லை.

"அம்மா, என் சட்டைப் பாக்கெட் கிழிஞ்சு தொங்குது. என்ன பண்ணலாம்?"

ஒன்றுமில்லை.

"பேனா வெச்சா அப்படியே கீழ போயிடுது. தூக்கிப் போட்டுடவா சட்டைய?"

வெகு நேரத்துக்குப் பிறகு, ஓட்டையின் அடியிலிருந்து ஒரு கீச்சுக் குரல் வந்தது. "எந்தப் பக்கம்?"

"இடது பக்கம்மா."

"இல்ல... மேல கிழிஞ்சிருக்கா, கீழயா?"

"மேல் மூலையில."

"அதே இடத்துல... தைக்காதீங்க. மறுபடி கிழியும். உள்பக்கமா ஒரு ஒட்டு... ஒட்டுத்துணி குடுத்து..." நடுவில் மூச்சு அறுந்தது. "மூடியத் தூக்கிட்டாங்களா?"

"இதோ ஆச்சு."

"பொய் சொல்லாதீங்கண்ணே."

அவர் திரும்பி மூடியைப் பார்த்தார். "இல்லம்மா. இன்னும் இல்ல. கடப்பாரை இப்பத்தான் வந்திருக்கு. ஒட்டுத்துணி எவ்வளவு பெரிசு வைக்கணும்? சொல்லு."

அவள் சொன்னாள். பாக்கெட், காலர், தேய்ந்த முழங்கை என்று அவர் கேட்டுக்கொண்டே இருந்தார். அவள் திக்கித் திணறிச் சொல்லிக்கொண்டே இருந்தாள். மூடி நகர்ந்து வெளிச்சம் விழுந்தபோது உள்ளே போய்ப் பதினோரு நிமிடம் ஆகியிருந்தது. ஏணியைப் போட்டதும் அவளே ஏறி வந்தாள். யார் முகத்தையும் பார்க்கவில்லை. கவுன் கீழ்ப்பாதி நனைந்திருந்தது. தொட்டியில் ஒரு சொட்டுத் தண்ணீர் கிடையாது. சவுண்டுக்காரர் தன் கிழிந்த சட்டையைக் கழற்றி அவள் இடுப்பைச் சுற்றிக் கட்டிவிட்டார். அவள் நேரே வெளியே போய், கூரை எதுவும் இல்லாத முற்றத்தின் நடுவில், உச்சிவெயிலில் உட்கார்ந்துகொண்டாள்.

வீட்டுக்கு வந்ததும் கணவரிடம் உண்மையைச் சொன்னாள். அவர் முதலில் அவள்மேல்தான் பாய்ந்தார். "எங்கிட்டப் பொய் சொல்லிட்டுப் போய் அந்தக் குழியில இறங்கியிருக்கியே, உனக்கு ஏதாவது ஆகியிருந்தா நான் யார்கிட்டடி போய் நிக்கிறது?" சொல்லி முடிப்பதற்குள் அவருக்கே குரல் உடைந்தது. அதன் பிறகு மூன்று நாள் அந்த வீட்டில் ஒரு கதவும் சாத்தப்படவில்லை. அலமாரிக் கதவுகள்கூடத் திறந்தே கிடந்தன. மகள் வேலைக்குப் போகாமல் அம்மாவின் கைக்காயத்துக்கு மருந்து போட்டுக்கொண்டு பக்கத்திலேயே இருந்தாள். பகலில் கண்ணசந்தால் போதும், தலையில் துரு கொட்டும். தட்டித் தட்டி உதறிக்கொண்டு எழுந்திருப்பாள்.

நாலாவது நாள் டைரக்டர் லேப்டாப்போடு கடைக்கு வந்தான். கணவரும் அங்கேதான் இருந்தார். அவன் அவள் காலில் விழாத குறை. அழுதான். தப்பு முழுக்கத் தன்னுடையது என்றான். ஆனால் அழுத கண்ணிலும் ஒரு பளபளப்பு ஒளிந்திருந்ததை அவள் கவனித்தாள்.

"அக்கா, காமிரா கடைசி வரைக்கும் ஓடியிருக்கு. நீங்க ஒரே ஒரு தடவை பாருங்க. இந்த மாதிரி ஒரு ஷாட்டை நான் எங்கேயும் பாத்ததில்ல. நீங்க சரின்னு சொன்னா மட்டும்..."

"எந்திரிச்சு வெளிய போடா முதல்ல," என்றார் கணவர்.

"இருங்க. நான் பாக்கறேன்," என்றாள் அவள்.

ஷட்டரை முழுக்கத் தூக்கிவிட்டு, தெரு பார்க்க உட்கார்ந்து பார்த்தாள். பச்சை முகம் ஒன்று வாயைத் திறந்து திறந்து மூடியது. சுவரைத் தடவித் தடவி வந்தது. ஒரு இடத்தில் நின்று கவுனைக் குனிந்து பார்த்தது. அந்த இருட்டில் தன்னை யாரும் பார்க்க முடியாதென்று நினைத்துக் குனிந்து பார்த்தது. அவள் லேப்டாப்பின் மூடியைச் சாத்தினாள்.

"அழிச்சிடு."

"அக்கா, யாராலயும் இப்படி நடிக்க முடியாதுக்கா."

"அதைத்தான் தம்பி நானும் சொல்றேன். நடிக்கல. கதையில வர்ற பொண்ணைக் காட்டறேன்னுதான் வந்தேன். இது நான். என்னைக் குடுக்க மாட்டேன்."

அவள் கண்ணெதிரிலேயே அவன் அழித்தான். வேறு பிரதி இல்லை என்று தன் அம்மா மேல் ஆணையிட்டான். அவள் சரி என்றாள். ஆனால் அவன் போன கையோடு வேறொரு பயம் வந்து உட்கார்ந்துகொண்டது. எங்கேயாவது ஒன்று மிச்சம் இருந்தால்?

மறுநாள் கடைக்கு ஒரு பெரியவர் வந்தார், கையில் துணிப்பை. சட்டை தைக்க வந்தவர் என்று நினைத்து டேப்பை எடுத்தாள். அவர்தான் அந்த நாவலை எழுதியவர். விஷயம் கேள்விப்பட்டு வந்திருந்தார். ஸ்டூலில் உட்கார்ந்து துணிப்பையை மடியில் வைத்துக்கொண்டார்.

"அந்த ஒன்பதாவது அத்தியாயத்தை ஆபீஸ் மேஜையில உக்காந்து, டீ குடிச்சுக்கிட்டே எழுதினேன்மா. ஒரே மத்தியானத்துல முடிச்சேன். நல்லா வந்திருக்குன்னு எனக்கே சந்தோஷம் வேற."

அவளுக்கு அவரைத் திட்டத் தோன்றவில்லை. "சார், ஒண்ணு சொன்னாத் தப்பா நினைக்க மாட்டீங்களே?"

"சொல்லும்மா."

"அந்தப் பொண்ணு உள்ள கிடந்து என்னென்னவோ யோசிக்கிறா. புருஷன நினைக்கிறா, சாபம் விடுறா, பக்கம் பக்கமாப் பேசுறா. அப்படியெல்லாம் இல்ல சார். யோசனையே வராது. கைதான் எதையாவது செஞ்சுக்கிட்டு இருக்கும். வார்த்தை மறந்துபோயிடும்."

பெரியவரின் கை பழக்கதோஷத்தில் சட்டைப்பையிலிருந்த பேனாவுக்குப் போனது. பாதியில் வெட்கப்பட்டுக் கையை எடுத்துவிட்டார். "நான் எழுதலம்மா. நீ அந்தத் தம்பிகிட்டச் சொல்லு," என்று எழுந்தார்.

அவர் போன பிறகு, அவள் வெட்டிப் போட்டிருந்த துணிகளுக்கு நடுவில் நின்றுகொண்டே இருந்தாள். சாயங்காலம் கணவர் வந்ததும் சொன்னாள். "அந்த சீனை நான் மறுபடி பண்றேன்."

"உனக்கென்ன பைத்தியமா?"

"மூடி பலகைதான். ஏணி உள்ளேயே இருக்கணும். நீங்க பக்கத்துல இருக்கணும். அப்படின்னா முடியும். இல்லேன்னா அந்தக் குழி என்னை விடாதுங்க. கண்ணை மூடினா அங்கேதான் இருக்கேன்."

ஒரு வாரம் கழித்து எல்லோரும் மறுபடி அந்தத் தொழிற்சாலைக்குப் போனார்கள். இந்த முறை அவள் எல்லோர் முன்னாலும் லிப்ட் கதையைச் சொன்னாள். கணவர் பஸ்ஸுக்கு விடுப்பு போட்டுவிட்டு வந்து, தொட்டியின் விளிம்பில் காலைத் தொங்கவிட்டு உட்கார்ந்துகொண்டார். பலகை மூடியை அவர் தொடை தடுத்ததால் ஒரு சாண் இடைவெளி இருந்துகொண்டே இருந்தது. காமிராவில் அந்தக் கால் தெரியாமல் பார்த்துக்கொள்வதே ஒளிப்பதிவாளருக்குப் பெரிய வேலையாகிவிட்டது. "சார், இடது செருப்பு மட்டும் கொஞ்சம் உள்ள வருது" என்று அவர் கெஞ்சினார். கணவர் செருப்பைக் கழற்றினார், காலை எடுக்கவில்லை.

பயம் குறைந்துவிட்டது என்று நினைக்க வேண்டாம். முதல் தடவை ஏணியின் மூன்றாம் படியிலிருந்தே திரும்பி ஏறிவிட்டாள். வெளியே வந்து வாந்தி எடுத்தாள். இரண்டாம் தடவை இறங்கி நின்றாள், மூடி நகர்கிற சத்தம் கேட்டதும் "வேண்டாம், வேண்டாம்" என்று கையால் தள்ளிவிட்டாள். மூன்றாம் தடவை, எழுதிவைத்த வசனத்தை ஒரு வரிகூடச் சொல்லாமல், கண்ணை அகல விரித்துச் சுவரைச் சாண் போட்டு அளந்தாள். மூலையில் நின்றாள், எதையோ நினைவுபடுத்திக்கொள்ள முயன்றாள், உதடு அசைந்தது, மறுபடி முதலிலிருந்து அளந்தாள். உடம்பு நடுங்கியது நிஜம்தான். ஆனால் எந்த இடத்தில் நிற்பது, எந்தப் பக்கம் திரும்புவது என்று அவள்தான் தீர்மானித்தாள். டைரக்டர் 'கட்' சொல்ல மறந்துபோனான். சவுண்டுக்காரர்தான் சொன்னார்.

படம் வெளிவர ஏழு மாதம் ஆனது. அந்த ஏழு மாதமும் அவளுக்கு நிம்மதி இல்லை. முன்னோட்டம் வந்த அன்று மகளை முதலில் பார்க்கச் சொன்னாள். "பச்சையா ஏதாவது வருதா?" என்று அடுத்த அறையிலிருந்து கேட்டாள். வரவில்லை. ஆனால் படத்தில் இருக்கலாமே. பணம் போட்டவர் கேட்டிருக்கலாம், டைரக்டர் மனசு மாறியிருக்கலாம். மனிதர்களை அவள் அப்படியொன்றும் நம்புகிறவள் இல்லை.

முதல் நாள் பகல் காட்சிக்குப் போனார்கள். கதவருகே ஓர இருக்கை. இந்தப் பக்கம் கணவர், அந்தப் பக்கம் முன்பின் தெரியாத ஒரு நடுத்தர வயதுப் பெண்மணி. இடைவேளைக்குப் பிறகு தொட்டிக் காட்சி ஆரம்பித்தது. மூடி நகர்ந்தது. திரை இருண்டது. பேயக்கா கணவரின் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டு மூச்சை அடக்கினாள். இப்போது அந்தப் பச்சை முகம் வரும், கவுனைக் குனிந்து பார்க்கும், இத்தனை பேரும் பார்ப்பார்கள்.

சாம்பல் வெளிச்சத்தில் ஒரு கை வந்தது. சுவரைத் தொட்டது. ஒரு சாண். இரண்டு சாண். அவள் மூன்றாம் தடவை செய்ததுதான். ஒவ்வொரு அசைவும் அவளுக்குத் தெரிந்தது. அது தெரிந்தும் அவள் தாடை நடுங்கியது, காதுக்குள் ரத்தம் இரைந்தது. கொட்டகையில் ஒரு இருமல்கூட இல்லை. முதல் படத்தில் போட்ட கூச்சல் எதுவும் இல்லை. அந்தப் பெண் வார்த்தை மறந்து உதட்டை அசைத்தபோது, பக்கத்து இருக்கைப் பெண்மணி திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே கையை நீட்டி, அகப்பட்டதைப் பிடித்துக்கொண்டாள். அகப்பட்டது பேயக்காவின் கை. சில்லென்று வியர்த்த இரண்டு கைகள். காட்சி முடியும் வரை இரண்டு பேரும் விடவில்லை.

படம் முடிந்து விளக்கு போட்டதும் அந்தப் பெண்மணி கூச்சத்தோடு திரும்பினாள். "மன்னிச்சுக்கோங்க, உங்க கையப் போய்..." என்று ஆரம்பித்தவள் முகத்தைப் பார்த்தாள். ஒருமுறை காலியான திரையைப் பார்த்தாள். மறுபடி முகத்தைப் பார்த்தாள். "ஐயோ!" என்று இரண்டடி பின்னால் போய் முன்னிருக்கையில் இடித்துக்கொண்டாள்.

"ஒண்ணும் பண்ண மாட்டேங்க," என்றாள் பேயக்கா.

"நீங்களா அது? என்னைவிட நீங்கதான் அதிகமா நடுங்கிட்டு இருந்தீங்க!"

"ஆமாங்க. ரொம்பப் பயமா இருந்துச்சு."

அந்தப் பெண்மணி சிரித்துவிட்டாள். பிறகு என்ன நினைத்தாளோ, நெருங்கி வந்து மெல்லிய குரலில், "உள்ள இருந்தப்போ சுவரை எதுக்கு அளந்தீங்க?" என்று கேட்டாள். கணவர் கூட்டத்தில் வழி பார்த்துக்கொண்டு, "வர்றியா?" என்று கூப்பிட்டார்.

"எனக்குத் தெரிஞ்ச வேலை அதுதாங்க," என்று சொல்லிவிட்டு, அந்தப் பெண்மணியின் கையை ஒருமுறை அழுத்திவிட்டுக் கிளம்பினாள்.